ஆன்டிபயாடிக் எடுபடாத தொற்றுக்கு ஃபேஜ் சிகிச்சையைத் தேடுவது எப்படி

இன்றைக்கே செய்ய வேண்டிய ஒரு வேலையை முதலில் சொல்லிவிடுகிறேன், மீதியை அப்புறம் நிதானமாகப் படிக்கலாம். உங்கள் வீட்டு நோயாளியின் கல்ச்சர் பரிசோதனை எந்த லேபில் நடந்ததோ, அந்த லேபுக்கு மருத்துவர் மூலமாக ஒரு தகவல் போக வேண்டும்: இவரிடமிருந்து வளர்த்தெடுத்த பாக்டீரியாவைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள், கிளிசரால் சேர்த்து மைனஸ் 80 டிகிரியில் உறைய வைத்துவிடுங்கள். லேபில் அதை ஐசொலேட் என்பார்கள். ரிப்போர்ட் போன சில நாட்களிலேயே பல லேப்கள் பாக்டீரியா வளர்ந்த தட்டை ஆட்டோகிளேவில், அதாவது உயர் அழுத்த நீராவியில், போட்டு அழித்துவிடும். அது அவர்கள் வழக்கம், குற்றம் சொல்ல முடியாது. ஆனால் ஃபேஜ் சிகிச்சைக்கு, அதாவது பாக்டீரியாவைக் கொல்லும் வைரஸை மருந்தாகக் கொடுப்பதற்கு, அந்தப் பாக்டீரியா உயிரோடு வேண்டும், ரிப்போர்ட் தாளை வைத்துக்கொண்டு எங்களால் ஒன்றும் செய்ய முடியாது.

நான் ஃபேஜ் லேபில் வேலை செய்கிறேன். ஒரு குடும்பம் வந்தது, இரண்டு வருடத்து ஸ்கேன், மருந்துச் சீட்டு, டிஸ்சார்ஜ் தாள் எல்லாம் தேதி வாரியாக அடுக்கிய ஒரு ஃபைலோடு. பாக்டீரியா மட்டும் இல்லை. புதிதாக எடுக்கலாம் என்றால், அப்போது ஏறிக்கொண்டிருந்த ஆன்டிபயாடிக் காரணமாகக் கல்ச்சரில் எதுவும் வளரவில்லை; அதை நிறுத்திவிட்டு எடுக்கலாம் என்றால், நிறுத்தினால் என்ன ஆகுமோ என்ற பயம். அந்த ஒரு மாதம் வீணாகப் போனதை நினைத்தால் இன்னும் மனது ஆறவில்லை. அதனால்தான் இதை எடுத்தவுடனே சொல்கிறேன்.

ஏன் அந்தப் பாக்டீரியாவே வேண்டும்?

ஃபேஜ் என்பது பாக்டீரியாவை மட்டும் தாக்கும் வைரஸ். மனித செல்லை அது தொற்றாது. வால் நுனியில் இருக்கும் நார்களால் பாக்டீரியாவின் மேற்பரப்பைத் தடவிப் பார்த்து, தனக்குப் பொருந்தும் மூலக்கூறு கிடைத்தால் ஒட்டிக்கொண்டு, தன் மரபுப் பொருளை உள்ளே செலுத்திவிடும். உள்ளே போனதும் பாக்டீரியாவின் இயந்திரத்தையே பயன்படுத்தித் தன் பிரதிகளைச் செய்துகொள்ளும். டி4 என்ற ஃபேஜ் ஈ.கோலை பாக்டீரியாவுக்குள் புகுந்தால் ஏறக்குறைய அரை மணி நேரத்தில் நூறு, இருநூறு புதிய ஃபேஜ்கள் சுவரை உடைத்துக்கொண்டு வெளியே வரும். ஒவ்வொன்றும் அடுத்த பாக்டீரியாவைத் தேடிப் போகும். கொடுத்த இடத்திலேயே பெருகும் மருந்து இது, ஆன்டிபயாடிக்கில் அப்படி ஒன்று கிடையாது.

ஆனால் அந்தப் பொருத்தம்தான் சிக்கலும். ஒரு ஃபேஜ் ஈ.கோலையை எல்லாம் கொல்லாது, ஈ.கோலையில் குறிப்பிட்ட சில வகைகளைத்தான் கொல்லும். பக்கத்துப் படுக்கைக்காரரைக் காப்பாற்றிய ஃபேஜ் உங்கள் நோயாளிக்கு வெறும் தண்ணீராக இருக்கலாம், இருவருக்கும் ரிப்போர்ட்டில் ஒரே பெயர் இருந்தாலும். ஸ்டாஃபிலோகாக்கஸ் ஆரியஸ் என்றால் கொஞ்சம் நிம்மதி, பரவலாக வேலை செய்யும் ஃபேஜ்கள் இருக்கின்றன. க்ளெப்சியெல்லா என்றால் கஷ்டம்: அதைச் சுற்றியிருக்கும் சர்க்கரை உறை எழுபதுக்கும் மேற்பட்ட வகைகளில் வருகிறது, பெரும்பாலான ஃபேஜ்கள் ஒன்றிரண்டு உறைகளை மட்டுமே துளைக்கும். அசினெட்டோபாக்டரும் அப்படித்தான்.

உங்கள் தொற்றுக்கு இது பொருந்துமா?

ஆசையில் ஓடுவதற்கு முன் இதைப் பார்த்துவிடுங்கள். கல்ச்சரில் பாக்டீரியாவின் பெயர் உறுதியாக வந்திருக்க வேண்டும். பூஞ்சைக்கோ வைரஸ் காய்ச்சலுக்கோ ஃபேஜ் உதவாது. காரணம் தெரியாத காய்ச்சலுக்கும் உதவாது. காசநோய்க் கிருமி நம் செல்களுக்கு உள்ளேயே ஒளிந்து வாழ்வது, அங்கே ஃபேஜ் போய்ச் சேருவது பெரிய பிரச்சினை. நோயாளிக்கு இன்னும் சில மணி நேரம்தான் என்ற நிலையில் இருக்கும் செப்சிஸுக்கும் (தொற்றால் உடலின் உறுப்புகளே தளரும் நிலை), என் மனதைக் கல்லாக்கிக்கொண்டு சொல்கிறேன், பொதுவாக நேரம் போதாது. தேடி, பொருத்தி, சுத்தம் செய்து அனுப்ப வாரங்கள் ஆகும், சில சமயம் மாதங்கள்.

எங்கே நன்றாகப் பொருந்தும் என்றால், ஆள் ஓரளவு நிலையாக இருக்கிறார், தொற்று மட்டும் போக மாட்டேன் என்கிறது என்ற இடத்தில். செயற்கை மூட்டில் ஒட்டிக்கொண்ட தொற்று, ஆறாத எலும்புத் தொற்று, இதயத்துக்குப் பொருத்திய கருவியில் வந்த தொற்று, சிஸ்டிக் ஃபைப்ரோசிஸ் என்ற பரம்பரை நோய் உள்ளவரின் நுரையீரலில் குடியேறிய சூடோமோனாஸ் பாக்டீரியா, திரும்பத் திரும்ப வரும் சிறுநீர்த் தொற்று. இவற்றில் பலவற்றில் பாக்டீரியா பிசின் போன்ற ஒரு படலத்துக்குள் கூட்டமாக உட்கார்ந்திருக்கும், பயோஃபிலிம் என்பார்கள், ஆன்டிபயாடிக்குக்கு அது கோட்டை மாதிரி. சில ஃபேஜ்களிடம் அந்தப் பிசினைக் கரைக்கும் என்சைம் இருக்கிறது.

உள்ளே சீழ் கட்டியிருந்தால் அதை முதலில் வெளியேற்ற வேண்டும், செத்த திசுவை வெட்டியெடுக்க வேண்டும், தேவையென்றால் உலோகத்தையும் மாற்ற வேண்டும். அறுவை சிகிச்சைக்குப் பதிலாக ஃபேஜ் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள்.

மருத்துவரிடம் எப்படிப் பேசுவது?

எந்த ஒழுங்கான ஃபேஜ் மையமும் குடும்பத்தாரிடம் மட்டும் பேசி மருந்து தராது. சிகிச்சை தரும் மருத்துவர் கையெழுத்துப் போட வேண்டும், பொறுப்பேற்க வேண்டும். அதனால் அவரை எதிராளியாக நினைக்காமல் பேசுங்கள். பல மருத்துவர்கள் ஃபேஜைப் பாடப் புத்தகத்தில் ஒரு பத்தியாகப் படித்ததோடு சரி. "இணையத்தில் பார்த்தேன், இது கொடுங்கள்" என்று ஆரம்பித்தால் கதவு மூடிவிடும். "தொற்றுநோய் நிபுணர் ஒருவரின் கருத்தைக் கேட்கலாமா, ஐசொலேட்டைப் பத்திரப்படுத்தலாமா, ஃபேஜ் மையத்துக்கு நீங்கள் ஒரு மின்னஞ்சல் எழுத முடியுமா" என்று சின்னச் சின்னதாகக் கேளுங்கள். இந்த மூன்றுக்கும் அவர் மறுக்கக் காரணம் அநேகமாக இருக்காது.

அவர் ஆதாரம் கேட்பார், கேட்கத்தான் வேண்டும். 2024இல் பெல்ஜியத்தின் ஃபேஜ் சிகிச்சைக் குழு ஒன்றைச் சேர்ந்தவர்கள் 2008 முதல் 2022 வரை தாங்கள் ஒருங்கிணைத்த முதல் 100 நோயாளிகளின் விவரத்தை, தோல்விகளையும் விடாமல், வரிசையாக வெளியிட்டார்கள். 12 நாடுகள், 35 மருத்துவமனைகள். 77.2% தொற்றுகளில் முன்னேற்றம் தெரிந்தது, 61.3% இடங்களில் குறிவைத்த பாக்டீரியா ஒழிந்தது. ஒப்பிட்டுப் பார்க்க இன்னொரு குழு இல்லாத ஆய்வு அது, அதையும் மறைக்காமல் மருத்துவரிடம் சொல்லுங்கள். அதில் எனக்கு முக்கியமாகப் படுவது வேறு ஒரு வரி: கூடவே ஆன்டிபயாடிக் கொடுக்காத இடங்களில் பாக்டீரியா ஒழியும் வாய்ப்பு 70% குறைவாக இருந்தது. "ஆன்டிபயாடிக்குக்கு மாற்று" என்று நானே மேடையில் சொல்லியிருக்கிறேன், ஆனால் படுக்கையருகே இரண்டும் தோளோடு தோள் நின்றால்தான் நன்றாக வேலை நடக்கிறது.

மருத்துவர் யோசிக்கும்போது நீங்கள் ஃபைலைத் தயார் செய்யுங்கள். இரண்டு பக்கத்துக்குள் ஒரு சுருக்கம்: வயது, நோய் தொடங்கிய தேதி, செய்த அறுவை சிகிச்சைகள், கொடுத்த ஆன்டிபயாடிக்குகள், எது எத்தனை நாள், ஏன் நிறுத்தினார்கள். அதோடு எல்லா கல்ச்சர் ரிப்போர்ட்டும், சென்சிட்டிவிட்டி அட்டவணையோடு (எந்த ஆன்டிபயாடிக்குக்குப் பாக்டீரியா அடங்கும், எதை எதிர்க்கும் என்ற பட்டியல்). சிறுநீரகம், கல்லீரல் அளவுகள், கடைசி ஸ்கேன், ஒவ்வாமை. 300 பக்கத்தை ஸ்கேன் செய்து அனுப்பினால் யாரும் படிக்க மாட்டார்கள், அந்த இரண்டு பக்கத்தைப் படிப்பார்கள்.

யாரை அணுகுவது?

ஃபேஜ் சிகிச்சையின் பழைய வீடு ஜார்ஜியாவின் தலைநகர் திபிலிசியில் இருக்கும் எலியாவா நிறுவனம். 1917இல் பாரிஸின் பாஸ்டர் நிறுவனத்தில் ஃபேஜைக் கண்டுபிடித்து அதற்குப் பெயரும் வைத்த ஃபெலிக்ஸ் டெரெல்லின் நண்பர் ஜார்ஜ் எலியாவா 1923இல் தொடங்கியது. 1937இல் ஸ்டாலின் காலத்து அடக்குமுறையில் எலியாவாவைக் கொன்றுவிட்டார்கள், ஆனாலும் அவர் ஆரம்பித்த வேலை நிற்கவில்லை. மேற்கு நாடுகள் பென்சிலினைக் கண்டு ஃபேஜை மறந்த பிறகும் அங்கே நோயாளிகளுக்குத் தொடர்ந்து கொடுத்துக்கொண்டுதான் இருந்தார்கள். இன்றும் வெளிநாட்டு நோயாளிகளைப் பார்க்கிறார்கள், தயாராக இருக்கும் ஃபேஜ் கலவைகளும் உண்டு, தனியாகத் தயாரித்துத் தருவதும் உண்டு. போலந்தில் விரோத்ஸ்வாஃப் நகரத்தின் ஹிர்ஸ்ஃபெல்ட் நிறுவனமும் நீண்ட அனுபவம் உள்ளது.

பிரஸ்ஸல்ஸின் அரசி ஆஸ்ட்ரிட் ராணுவ மருத்துவமனைதான் நான் மேலே சொன்ன 100 பேரின் விவரத்தைத் தொகுத்த குழுவின் இடம். பெல்ஜியத்தில் 2018 முதல் மருத்துவர் சீட்டு எழுதினால் மருந்தாளுநர் அந்த ஒரு நோயாளிக்காக ஃபேஜ் கலவை தயாரிக்கச் சட்டம் வழிவிடுகிறது. அமெரிக்காவில் கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தின் சான் டியாகோ வளாகத்தில் ஐபாத் என்ற மையம் 2018இல் தொடங்கியது. அதன் பின்னால் ஒரு மனைவியின் தேடல் இருக்கிறது: தொற்றுநோயியல் ஆய்வாளர் ஸ்டெஃபனி ஸ்ட்ராத்டீயின் கணவர் டாம் பேட்டர்சன் 2015இல் எகிப்துப் பயணத்தில் நோயில் விழுந்தார், எந்த மருந்துக்கும் அடங்காத அசினெட்டோபாக்டர் தொற்று. ஸ்டெஃபனி ஊர் ஊராக ஆய்வாளர்களுக்கு எழுதி, டெக்சஸ் ஏ அண்ட் எம் பல்கலைக்கழகமும் அமெரிக்கக் கடற்படை ஆய்வகமும் ஃபேஜ் தேடிக் கொடுத்து, 2016 மார்ச்சில் ரத்தத்தில் ஏற்றினார்கள். கோமாவில் இருந்தவர் கண் திறந்தார். உங்கள் மருத்துவர் எழுதும் மின்னஞ்சலும் அப்படி ஒன்றுதான், எழுதத் தயங்க வேண்டாம்.

ஒரே மையத்தை நம்பிக் காத்திருக்காமல் இரண்டு மூன்று இடங்களுக்கு ஒரே வாரத்தில் எழுதச் சொல்லுங்கள். ஃபேஜ் டைரக்டரி என்று ஆய்வகங்களை இணைக்கும் ஒரு அமைப்பும் இருக்கிறது. இங்கே தேவை இந்தப் பாக்டீரியாவுக்கு ஃபேஜ், யாரிடமாவது இருக்கிறதா என்ற செய்தியை உலகெங்கும் உள்ள லேப்களுக்கு அனுப்பும் வேலையை அது செய்திருக்கிறது.

அனுமதி பெரும்பாலான நாடுகளில் கருணை அடிப்படைப் பயன்பாடு என்ற வழியில் கிடைக்கும், அதாவது அங்கீகரித்த மருந்து எதுவும் உதவாத நிலையில் ஒரு நோயாளிக்கு மட்டும் தரும் அனுமதி. மருத்துவமனையின் நெறிமுறைக் குழு, நாட்டின் மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பு, நோயாளியின் எழுத்துப்பூர்வ ஒப்புதல், மூன்றும் வேண்டும். லேபில் ஃபேஜ் தேடும்போதே இந்தத் தாள்களை நகர்த்த ஆரம்பியுங்கள். ஃபேஜ் தயாராகிப் பெட்டியில் இருக்க, கையெழுத்துக்காகக் காத்திருப்பது போன்ற கொடுமை வேறில்லை. அப்புறம், ஐசொலேட்டை நீங்களே பையில் வைத்து விமானத்தில் கொண்டுபோக நினைக்காதீர்கள், அது சட்டப்படி தொற்றுப் பொருள். மூன்று அடுக்குப் பொதியல், உரிய லேபிள், ஏற்றுமதி இறக்குமதித் தாள்களோடு லேப்தான் லேபுக்கு அனுப்பும்.

லேபில் என்ன நடக்கிறது?

இது தெரிந்தால் காத்திருக்கும் நாட்கள் கொஞ்சம் சுலபமாகும். உங்கள் நோயாளியின் பாக்டீரியாவைக் குழம்பு மாதிரி வளர்த்து, இளஞ்சூடான மெல்லிய அகாரில் (ஆறினால் ஜெல்லி போல இறுகும் கூழ்) கலந்து, பெட்ரி தட்டில் ஊற்றுவோம். இறுகியதும் எங்களிடம் இருக்கும் ஒவ்வொரு ஃபேஜிலிருந்தும் ஒரு சின்னச் சொட்டு, வரிசை வரிசையாக, தட்டின் அடியில் பேனாவால் எண் போட்டு வைப்போம். சொட்டு காய்ந்ததும் 37 டிகிரியில் இரவு முழுக்க. காலையில் தட்டை எடுத்து விளக்குக்கு எதிரே பிடிப்போம். பாக்டீரியா வளர்ந்து தட்டு முழுக்கப் பனி மூடியது போல மங்கலாக இருக்கும். அதன் நடுவே எங்காவது ஒரு வட்டம் கண்ணாடி போலத் தெளிவாக, பின்னால் இருக்கும் விரல் ரேகைகூடத் தெரிகிற மாதிரி இருந்தால், அந்தச் சொட்டில் இருந்த ஃபேஜ் அங்கே இருந்த எல்லாவற்றையும் தின்றுவிட்டது என்று அர்த்தம். எத்தனை வருடம் ஆனாலும் அந்த வட்டத்தைப் பார்க்கும்போது எனக்கு நெஞ்சு படபடக்கும்.

வட்டம் அரைகுறையாக, கலங்கலாக இருந்தால் கொண்டாட மாட்டோம். அதற்குள் ஃபேஜை எதிர்த்துத் தப்பிய பாக்டீரியா வளர்ந்திருக்கலாம், அல்லது அது பாக்டீரியாவைக் கொல்லாமல் அதன் மரபணுவோடு சேர்ந்து தூங்கிவிடும் வகை ஃபேஜாக இருக்கலாம். தூங்கும் வகை சிகிச்சைக்கு ஆகாது. தெளிவான வட்டத்தையும் உடனே நம்ப முடியாது. ஃபேஜ் ஏராளமாக ஒரே நேரத்தில் மோதினால் பெருகாமலேயே பாக்டீரியா சுவர் உடையும். அதனால் பத்தில் ஒன்று, நூறில் ஒன்று என்று நீர்க்கவைத்து மறுபடி வைப்போம். தனித்தனிப் புள்ளிகளாகத் துளை விழுந்தால்தான் அது உண்மையில் உள்ளே போய்ப் பெருகுகிறது.

எதுவும் பொருந்தவில்லை என்றால்? வெளியே போவோம். பாக்டீரியா எங்கே மண்டிக் கிடக்கிறதோ அங்கேதான் அதைத் தின்னும் ஃபேஜும் இருக்கும், அதனால் எங்கள் புதையல் பெரும்பாலும் சாக்கடை நீர்தான். சில சமயம் நினைத்துப் பார்க்காத இடத்திலும் கிடைக்கும். 2018இல் லண்டனில், இரண்டு நுரையீரலும் மாற்றிய பிறகு மைகோபாக்டீரியம் அப்செசஸ் என்ற பாக்டீரியா உடலில் பரவிய ஒரு 15 வயதுப் பெண்ணுக்குக் கொடுத்த மூன்று ஃபேஜ்களில் ஒன்று, தென்னாப்பிரிக்காவின் டர்பனில் ஒரு மாணவி அழுகிய கத்திரிக்காயின் அடியிலிருந்து சுரண்டி எடுத்தது. அமெரிக்காவின் பிட்ஸ்பர்க் பல்கலைக்கழகத்தில் ஃபேஜ் ஆய்வாளர் கிரஹாம் ஹாட்ஃபுல் சேர்த்து வைத்த ஆயிரக்கணக்கான ஃபேஜ்களுக்குள் வருடக்கணக்காக அது கிடந்தது. மற்ற இரண்டும் தூங்கும் வகை, அவற்றின் தூக்க மரபணுவை நீக்கிக் கொல்லும் வகையாக மாற்றினார்கள். அந்தப் பெண் தேறினார்.

பொருந்திய ஃபேஜின் மரபணுவை முழுதும் படிப்போம், நச்சு உண்டாக்கும் மரபணுவோ ஆன்டிபயாடிக்கை எதிர்க்கும் மரபணுவோ அதில் இருக்கக் கூடாது. பிறகு சுத்திகரிப்பு. உடைந்த பாக்டீரியாவின் சுவரிலிருந்து வரும் என்டோடாக்சின் என்ற நச்சு ரத்தத்தில் போனால் காய்ச்சலும் ரத்த அழுத்த வீழ்ச்சியும் வரும், அதை அனுமதித்த அளவுக்குக் கீழே கொண்டுவருவதற்குள்தான் எங்கள் பாதி நேரம் போகிறது. நீங்கள் தினமும் போன் செய்தாலும் இந்தக் கட்டத்தை அவசரப்படுத்த முடியாது. தயவுசெய்து எங்களை அவசரப்படுத்தவும் செய்யாதீர்கள்.

மருந்து வந்ததும் கேட்க வேண்டியவை

என் நோயாளியின் ஐசொலேட் மீது சோதித்த ஃபேஜ்தானா, சோதனை முடிவு எங்கே? ஒரு மில்லிலிட்டரில் எத்தனை ஃபேஜ், அதை எந்தத் தேதியில் எண்ணினார்கள்? இந்த இரண்டாவது கேள்வியை விட்டுவிடாதீர்கள். ஃபேஜோபர்ன் என்ற ஐரோப்பியச் சோதனையில் தீக்காயத் தொற்றுக்குப் பன்னிரண்டு ஃபேஜ் சேர்ந்த கலவை கொடுத்தார்கள். தயாரித்த பிறகு கலவையின் வீரியம் குறைந்துபோய், திட்டமிட்டதைவிட ஆயிரக்கணக்கான மடங்கு குறைவான ஃபேஜ்தான் நோயாளிகளுக்குப் போய்ச் சேர்ந்தது. வழக்கமான மருந்தோடு ஒப்பிட்டால் அது தோற்றது. ஃபேஜ் பலிக்காது என்பதற்கு அதை இன்றுவரை எடுத்துக்காட்டாகச் சொல்கிறார்கள், எனக்கு அதில் வருத்தம் உண்டு.

எப்படிக் கொடுப்பார்கள் என்பது தொற்று இருக்கும் இடத்தைப் பொறுத்தது: புண்ணில் நேரடியாக, மூட்டுக்குள், நெபுலைசர் வழியாக, ரத்தத்தில். வாயால் என்றால் வயிற்று அமிலம் ஃபேஜைச் சிதைக்கும், அதனால் அமிலத்தைத் தணிக்கும் மருந்தோடு கொடுப்பது வழக்கம். சேமிப்பு பொதுவாகக் குளிர்பதனப் பெட்டியில் 2 முதல் 8 டிகிரிக்குள், மையம் வேறு மாதிரி சொன்னால் அதன்படி. உறைபெட்டியில் வைத்துவிடாதீர்கள். கிருமிநாசினி தடவிய புண்ணில் உடனே ஃபேஜ் ஊற்றினால் கிருமிநாசினி அதையும் கொல்லும், செவிலியரிடம் முன்பே நினைவூட்டுங்கள்.

முதல் டோஸ் மருத்துவமனையில், கண்காணிப்பில்தான். லேசான காய்ச்சல், குளிர் வரலாம். சில வாரம் போனால் உடல் அந்த ஃபேஜுக்கு எதிராக ஆன்டிபாடி உண்டாக்கி அதைச் செயலிழக்கச் செய்யலாம், ரத்தத்தில் கொடுக்கும்போது இது அதிகம்.

பாக்டீரியாவும் சும்மா இருக்காது. பேட்டர்சனுக்கே முதலில் கொடுத்த ஃபேஜ்களை அது எதிர்க்கப் பழகிவிட்டது, கடற்படை ஆய்வகம் சாக்கடை நீரிலிருந்து புதிய ஃபேஜ் ஒன்றைத் தேடிக் கொடுத்தது. ஆனால் ஃபேஜிடமிருந்து தப்ப பாக்டீரியா எதையாவது இழக்க வேண்டியிருக்கும், அதில் நமக்கு ஒரு லாபம் உண்டு. யேல் பல்கலைக்கழகத்தில் பெஞ்சமின் சானும் பால் டர்னரும் ஒரு குளத்து நீரில் கண்டெடுத்த ஃபேஜ், சூடோமோனாஸ் எந்தப் பம்பின் வழியாக ஆன்டிபயாடிக்கை வெளியே துப்புகிறதோ அந்தப் பம்பையே பிடித்துக்கொண்டு உள்ளே நுழைகிறது. தப்ப நினைத்தால் பாக்டீரியா பம்பை மாற்ற வேண்டும், மாற்றினால் பழைய ஆன்டிபயாடிக் மறுபடி வேலை செய்யும். அதனால் சிகிச்சையின் நடுவிலும் கல்ச்சர் எடுக்க வேண்டும், சென்சிட்டிவிட்டியைப் புதிதாகப் பார்க்க வேண்டும். போன மாதம் "எதிர்க்கிறது" என்று இருந்த மருந்து இந்த மாதம் மாறியிருக்கலாம்.

இணையத்தில் "ஃபேஜ்" என்று எழுதி விற்கும் பாட்டில்களைப் பற்றிக் கேட்கிறார்கள். உங்கள் ஐசொலேட்டோடு பொருத்திப் பார்க்காத எதையும் வாங்க வேண்டாம். ஊசி மூலமோ புண்ணிலோ வீட்டில் நீங்களாக எதையும் செலுத்த வேண்டவே வேண்டாம், சுத்திகரிக்காத திரவத்தில் என்டோடாக்சின் எவ்வளவு இருக்கிறது என்று கண்ணால் பார்த்துச் சொல்ல முடியாது.

சிகிச்சையின் நடுவில் எடுக்கும் ஒவ்வொரு கல்ச்சரிலும் பாக்டீரியா வளர்ந்தால், அந்த ஐசொலேட்டையும் தேதி எழுதி உறைய வைக்கச் சொல்லுங்கள், ஒன்றை ஃபேஜ் மையத்துக்கும் அனுப்பச் சொல்லுங்கள். ஃபேஜை மாற்ற வேண்டி வந்தால் நாங்கள் முதலில் கேட்பது கடைசியாக வளர்ந்த அந்தக் குப்பியைத்தான்.